காற்றுக்கும் புல்லுக்கும் ஏற்ப நகர்வோர்: கடலிலும் தரையிலும் நாடோடி மக்கள்

(காட்சி: மே மாதத்துக் காலி முகத்திடல். கரைச்சுவரில் அலை மோதுகிறது. கடலில் ஒரு சிறு படகும் இல்லை.)

மே மாதத்தில் தென்மேல் பருவப்பெயர்ச்சிக் காற்று வலுக்கத் தொடங்கியதும், கொழும்பு முகத்துவாரத்திலிருந்து சிலாபம் வரையுள்ள கரையில் சிறு படகுகள் தொழிலுக்குப் போவது கடினமாகிவிடுகிறது. அதே மாதங்களில் தீவின் கிழக்குக் கரையில் கடல் அமைதியாக இருக்கும். ஆகவே நீர்கொழும்பு, சிலாபம் பக்கத்து மீனவர்களில் ஒரு பகுதியினர் படகையும் வலையையும் இயந்திரத்தையும் லொறியில் ஏற்றிக்கொண்டு திருகோணமலை, முல்லைத்தீவுக் கரைகளுக்குப் போய், கிடுகாலும் தகரத்தாலும் வாடி அமைத்துத் தங்கி, வாடைக்காற்று எழுவதற்கு முன் ஊர் திரும்புவார்கள். இவர்களை எவரும் நாடோடிகள் என்று அழைப்பதில்லை. இவர்களுக்கு ஊரில் வீடும், வாக்காளர் இடாப்பில் பெயரும் இருக்கின்றன. ஆனாலும் காற்றைப் பார்த்து இடம் மாறுவது எப்படிப்பட்ட வாழ்க்கை என்பதை விளங்கிக்கொள்ள, கொழும்பிலிருந்து நாம் மிகத் தொலைவுக்குப் போகவேண்டியதில்லை.

நாடோடி என்றவுடன் திக்குத் தெரியாமல் அலைபவர் ஒருவரின் உருவமே நம் மனதில் தோன்றுகிறது. அந்த உருவம் பிழையானது. எந்த மாதத்தில் எங்கே போவது, அங்கே யாருடைய அனுமதியோடு தங்குவது, தங்குவதற்குப் பதிலாக அவருக்கு எதைக் கொடுப்பது என்பதெல்லாம் தலைமுறை தலைமுறையாகத் தீர்மானிக்கப்பட்ட வாழ்க்கையே நாடோடி வாழ்க்கை. அதில் எப்போதும் இரண்டு தரப்புகள் உண்டு. நகர்பவர் ஒரு தரப்பு; ஓரிடத்தில் நிலைத்து, நெல்லோ கோதுமையோ விளைவிப்பவர் மறுதரப்பு. இந்தக் காணொளி அந்த இரு தரப்புக்கும் இடையிலான உடன்பாட்டைப் பற்றியது.

(காட்சி: வரைபடம். மியன்மாரின் தென்முனை, மேர்குய் தீவுக்கூட்டம், தாய்லாந்தின் சுரின் தீவுகள்.)

முதலில் கடலைப் பார்ப்போம். மியன்மாரின் தெற்கே ஏறத்தாழ 800 தீவுகள் கொண்ட மேர்குய் தீவுக்கூட்டத்திலும், தாய்லாந்தின் அந்தமான் கடற்கரையோரத்திலும் மோக்கன் மக்கள் வாழ்கிறார்கள். வடகீழ்ப் பருவக்காற்றுக் காலத்தில், கடல் தெளிந்து கிடக்கும் மாதங்களில், இவர்களுடைய குடும்பங்கள் படகிலேயே பிறந்து, சமைத்து, உறங்கி, தீவுக்குத் தீவு போய்வந்தன. தென்மேல் காற்று எழுந்ததும் ஒதுக்கமான குடா ஒன்றில் கரையேறி, தூண்களின்மேல் குடிசை கட்டி, மழை முடியும்வரை தங்கின. நீர்கொழும்பு மீனவரை வாடிக்கு அனுப்புவதும் மோக்கன்களைக் கரையேற்றுவதும் ஒரே பருவக்காற்றுதான்.

அவர்களுடைய படகின் பெயர் கபாங். ஒரு பெரிய மரத்தின் அடித்தண்டைக் குடைந்து, நெருப்பால் சூடேற்றி விரித்து, அதன்மேல் இலேசான பனைவகை மட்டைகளை அடுக்கி, பிரம்பால் இறுக்கிக் கட்டிப் பக்கங்களை உயர்த்துவார்கள். பாய் தாழை ஓலையில் பின்னப்பட்டது. முன்னணியத்திலும் பின்னணியத்திலும் ஒரு வெட்டு இருக்கும். நீரில் மூழ்கியவர் அந்த வெட்டில் காலை ஊன்றித்தான் மேலே ஏறுவார். மோக்கன்கள் அந்த முன்வெட்டைப் படகின் வாய் என்றும் பின்வெட்டை அதன் கழிவாய் என்றும் சொல்வார்கள். உண்டதைத் தேக்கி வைக்காத உடல் அது.

இந்த வழக்கத்தைப் பலர் விரும்பி எடுத்துச் சொல்கிறார்கள். சொல்லும்போது ஒன்றை விட்டுவிடுகிறார்கள். மோக்கன்களின் அன்றாட உணவு சோறு. அவர்களோ நெல் விளைப்பவர்கள் அல்லர். அரிசியைத் தந்தவர்கள் தௌக்கே என்று அழைக்கப்பட்ட இடைத்தரகர்கள், அவர்களிலும் பெரும்பாலோர் சீன வணிகர்கள். பதிலுக்கு மோக்கன்கள் முத்துச்சிப்பியும் கடலட்டையும் கொடுத்தார்கள். கடலட்டை என்றால் நமக்கு விளக்கம் தேவையில்லை. யாழ்ப்பாணக் கடலேரியின் அட்டைப் பண்ணைகளைப் பற்றி அண்மைய ஆண்டுகளில் எழுந்த வாதங்களை நாம் அறிவோம். அதே உயிரினத்துக்காக, அதே சீனச் சந்தைக்காக, தென்கிழக்காசியக் கடல் நாடோடிகள் நூற்றாண்டுகளாக மூழ்கி வந்தார்கள். சுலாவேசித் தீவின் மக்காசாரிலிருந்து புறப்பட்ட பாய்க்கப்பல்கள் ஆண்டுதோறும் வடமேல் பக்கக் காற்றைப் பிடித்து அவுஸ்திரேலியாவின் வடகரைவரை சென்று, அட்டையை அவித்து, புகையிட்டு உலர்த்தி, காற்று திரும்பியதும் மீண்டன. அந்நிலத்தின் பழங்குடி மக்களோடு அவர்கள் இரும்பையும் துணியையும் பண்டமாற்றுச் செய்தார்கள். தென் அவுஸ்திரேலிய அரசு அனுமதிப்பத்திரங்களை நிறுத்தியதால் 1907ஆம் ஆண்டோடு அந்தப் பயணம் முடிவுக்கு வந்தது. இருபுறமும் ஏற்றுக்கொண்டிருந்த உடன்பாடு, மூன்றாம் தரப்பு ஒன்றின் ஒரு முடிவால் அற்றுப்போனது.

(காட்சி: தெளிந்த நீருக்கடியில் சிறுவர்கள் மூழ்கிச் சிப்பி பொறுக்குகிறார்கள்.)

ஸ்வீடனின் லுண்ட் பல்கலைக்கழக ஆய்வாளர் ஆனா கிஸ்லேனும் அவருடைய குழுவினரும் 2003ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வு ஒன்று, மோக்கன் சிறுவர்கள் நீருக்கடியில் ஐரோப்பியச் சிறுவர்களைவிட இரு மடங்குக்கும் மேலான தெளிவோடு பார்க்கிறார்கள் என்று காட்டியது. நீருக்குள் நம் கண்மணி விரியும். அவர்களுடையதோ சுருங்குகிறது, அதனால் உருவம் கூர்மையாக விழுகிறது. பின்னர் ஸ்வீடன் நாட்டுச் சிறுவர்களுக்குப் பயிற்சி அளித்துப் பார்த்தபோது அவர்களும் அதைக் கற்றுக்கொண்டார்கள். பஜாவ் மக்களிடம் கண்டறியப்பட்டது வேறு வகை. பிலிப்பைன்ஸ், மலேசியாவின் சபா, இந்தோனேசியா ஆகியவற்றின் கடல்களில் பரந்து வாழும் இவர்களைப் பற்றி 2018இல் வெளியான மரபணு ஆய்வில், அயலிலுள்ள விவசாயக் குடிகளோடு ஒப்பிட்டபோது பஜாவ் மக்களின் மண்ணீரல் ஏறத்தாழ 50 சதவீதம் பெரிதாக இருந்தது. மூழ்கும்போது மண்ணீரல் சுருங்கி, ஒட்சிசன் ஏறிய குருதிக் கலங்களை உடலுக்குள் செலுத்துகிறது. மூழ்கும் தொழில் செய்யாத பஜாவ்களிடமும் அதே பருமன் காணப்பட்டது. அதனால் பயிற்சியைக் கடந்து, பிறப்போடு வரும் இயல்பும் இதில் உண்டு என்ற முடிவுக்கு ஆய்வாளர்கள் வந்தார்கள்.

அந்தச் செய்தி உலகப் பத்திரிகைகள் பலவற்றில் வெளிவந்தது. சபாவின் செம்பூர்ணாக் கடலில் வாழும் பஜாவ் குடும்பங்கள் பலவற்றிடம் எந்த நாட்டின் பிறப்புச் சான்றிதழும் இல்லை என்பதும், அதனால் அவர்களின் பிள்ளைகளை அரச பாடசாலைகள் சேர்த்துக்கொள்வதில்லை என்பதும் அந்த அளவுக்குப் பேசப்படவில்லை. 2024 ஜூனில் அக்கடலின் பூங்காப் பகுதியிலிருந்த அவர்களுடைய வீடுகள் பலவற்றை அதிகாரிகள் இடித்தார்கள்.

தாய்லாந்தில் 1981இல் சுரின் தீவுகள் தேசியப் பூங்காவாக்கப்பட்டன. பூங்காவில் மரம் வெட்டுவது குற்றம். பெரிய மரம் இல்லாமல் கபாங் இல்லை. எவரும் மோக்கன்களிடம் நகர்வதை நிறுத்துங்கள் என்று நேரே உத்தரவிட வேண்டியிருக்கவில்லை.

2004 டிசம்பர் 26 அன்று சுரின் தீவில் கடல் திடீரென உள்வாங்கியபோது, அங்கிருந்த மோக்கன் முதியவர்கள் அது லாபூன் என்று உணர்ந்தார்கள். லாபூன் என்பது மனிதரைத் தின்னும் அலை. கடல் வற்றினால் அது வரும் என்பது அவர்களின் பழங்கதை. உல்லாசப் பயணிகளையும் அழைத்துக்கொண்டு அவர்கள் மேட்டுக்கு ஏறினார்கள். ஊர் அழிந்தது, மக்கள் பிழைத்தார்கள். அதே காலையில் நம் தீவின் கரைகளில் சில இடங்களில் கடல் உள்வாங்கியபோது, வெளியே தெரிந்த நிலத்தைப் பார்க்க மக்கள் இறங்கிப் போனார்கள். இலங்கையில் 30,000க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். இப்படிப்பட்ட கதை நம்மிடையே வழங்கியிருந்தால் எத்தனை பேர் திரும்பி ஓடியிருப்பார்கள் என்று எண்ணாமல் இருக்க முடியவில்லை.

(காட்சி: அறுவடை முடிந்த வயல். மாலை வேளை. ஆட்டு மந்தை ஒன்று வரப்பைத் தாண்டி வருகிறது.)

இனித் தரை. தமிழ்நாட்டின் இராமநாதபுரம், சிவகங்கைப் பக்கத்துக் கீதாரிகள் மழை குறைந்த தம் நிலத்திலிருந்து மந்தையை ஓட்டிக்கொண்டு, காவிரிப் படுகையில் அறுவடை முடிந்த வயல்களைத் தேடிப் போவார்கள். பகலில் மேய்ச்சல். மாலையில் வயல்காரர் காட்டிய துண்டில் முளையடித்து வலை கட்டி, ஆடுகளை அதற்குள் அடைப்பார்கள். இளங்குட்டிகளைக் கூடையின் கீழ் கவிழ்த்து வைப்பார்கள். இரவு முழுவதும் விழும் புழுக்கையும் மூத்திரமுமே அடுத்த போகத்துக்கு எரு. மறுநாள் மாலை வலையைப் பிடுங்கிப் பக்கத்துத் துண்டில் கட்டுவார்கள். இப்படிக் கிடை போட்டதற்கு, ஆட்டுத் தொகைக்கும் இரவுக் கணக்குக்கும் ஏற்ப நெல்லோ பணமோ கிடைக்கும். நிலம் இல்லாதவரிடம் உரம் இருக்கிறது, நிலம் உள்ளவரிடம் அறுத்த நெல்லின் தாள் இருக்கிறது. இருவருக்கும் இடையே எழுத்து எதுவும் தேவைப்படவில்லை. மேற்கு ஆபிரிக்காவின் புலானி மாட்டிடையர்களும், சஹாராப் பாலைவனத்தின் தென்விளிம்பான சாஹேலின் விவசாயிகளும் ஏறத்தாழ இதே முறையைத்தான் கொண்டிருந்தார்கள். பயிர்நிலம் பெருகி, மாட்டு வழிகள் அடைபட்டு, துப்பாக்கிகளும் மலிந்தபோது, அது பல இடங்களில் இரத்தக்களரியாக மாறியது.

வடக்கே, ரஷ்யாவின் யமால் குடாநாட்டில், நெனெட்ஸ் மக்கள் கலைமான் மந்தைகளோடு ஆண்டுக்கு நூற்றுக்கணக்கான கிலோமீற்றர் நடக்கிறார்கள். அங்கே 2013 நவம்பரில் பனியின்மேல் மழை பெய்து உறைந்ததால், பனிக்கட்டிக்கு அடியிலிருந்த பாசியை எட்ட முடியாமல் ஏறத்தாழ 61,000 கலைமான்கள் பட்டினியால் இறந்தன. மங்கோலியாவின் கொடுங்குளிர் காலத்துக்கு அவர்களின் மொழியில் சூட் என்று பெயர். 2009–2010 குளிர்காலத்தில் அங்கே 80 இலட்சத்துக்கும் மேற்பட்ட கால்நடைகள் மாண்டன. நகர்வு இத்தகைய ஆபத்துக்கு எதிரான காப்பீடு. ஒரு பள்ளத்தாக்கு உறைந்தால் அடுத்ததற்குப் போகலாம், போக வழி இருக்கும்வரை.

(காட்சி: குளத்தங்கரையில் கூடாரங்கள். பழைய கறுப்பு வெள்ளைப் படம்.)

நம் நாட்டுக்கு வருவோம். சிங்களத்தில் அஹிகுண்டிக்க என்றும் தமிழில் குறவர், வனக்குறவர் என்றும் அழைக்கப்படுவோர் தெலுங்கு வழிவந்த ஒரு பேச்சைப் பேசுகிறவர்கள். ஆண்கள் பாம்பாட்டினார்கள், குரங்கு ஆட்டினார்கள். பெண்கள் கை பார்த்துக் குறி சொன்னார்கள். கழுதையில் பொதி ஏற்றி, குளத்தங்கரைகளில் சில நாள் தங்கி, அடுத்த ஊருக்குப் போனார்கள். காலி முகத்திடலில் உல்லாசப் பயணிகளின் முன் கூடையைத் திறக்கும் பாம்பாட்டியைக் கொழும்புவாசிகள் பார்த்திருப்பார்கள். இன்று இவர்களில் பெரும்பாலோர் குடியிருப்புகளில் நிலைத்துவிட்டார்கள். அம்பாறை மாவட்டத்தின் அளிக்கம்பையில் பிள்ளைகள் தமிழில் படிக்கிறார்கள். அநுராதபுரப் பக்கத்தில் சிங்களத்தில் படிக்கிறார்கள். ஒரே மக்களை இரண்டு பாடசாலை மொழிகள் பிரித்துக்கொண்டிருக்கின்றன. வீட்டுப் பேச்சு இரண்டு பக்கமும் தேய்கிறது.

நிலையான முகவரி இல்லாதவரைச் சந்தேகத்துக்குரியவராகப் பார்ப்பது ஆட்சியாளர்களின் பழைய வழக்கம். இலங்கையில் 1841ஆம் ஆண்டிலேயே அலைந்து திரிவோருக்கு எதிரான கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. இந்தியாவில் 1871ஆம் ஆண்டின் குற்றப் பரம்பரைச் சட்டம், பல நாடோடிச் சமூகங்களைப் பிறப்பாலேயே குற்றவாளிகளாகப் பதிவு செய்தது. அந்தப் பட்டியல் 1952இல்தான் முற்றாக நீக்கப்பட்டது. கிராம உத்தியோகத்தரின் வதிவிடச் சான்றிதழ் இல்லாமல் அடையாள அட்டை முதல் பாடசாலை அனுமதிவரை எதுவும் நகராத நாட்டில், ஒவ்வொரு வாரமும் வேறு குளத்தங்கரையில் தங்குபவர் எந்தக் கந்தோருக்குப் போவார்? இந்தக் கேள்வி கொழும்புத் தமிழருக்கு முற்றிலும் அந்நியமானதன்று. 2007 ஜூன் 7 அன்று, தங்குவதற்குத் தக்க காரணம் இல்லையென்று கூறி, இந்நகரின் விடுதிகளில் தங்கியிருந்த 300க்கும் மேற்பட்ட தமிழர்களைப் பொலிஸார் பஸ்களில் ஏற்றி வெளியேற்றினார்கள். மறுநாள் உயர் நீதிமன்றம் அதற்குத் தடை விதித்தது.

அதற்காக, நகர்பவர் எப்போதும் பலவீனமானவர் என்றும் சொல்லிவிட முடியாது. போருக்குப் பின் கொக்கிளாய், நாயாறுக் கரைகளுக்கு வாடி போடப் பெருந்தொகையாக வந்த தென்னிலங்கை மீனவர்களுக்கும் உள்ளூர்த் தமிழ் மீனவர்களுக்கும் இடையில் தகராறு முற்றி, 2018 ஆகஸ்டில் நாயாறில் தமிழ் மீனவர்களின் வாடிகளும் படகுகளும் எரிக்கப்பட்டன. யார் எத்தனை படகோடு வரலாம், எந்தக் கரைத்துண்டில் வலை வளைக்கலாம் என்பதை உள்ளூர்ச் சங்கங்களோடு பேசித் தீர்த்த காலத்தில் தாங்கிக்கொள்ளப்பட்ட வரவு, அரச அனுமதியை மட்டும் காட்டி வரும்போது ஆக்கிரமிப்பாகப் பார்க்கப்படுகிறது.

(காட்சி: மட்டக்களப்பு. காட்டோரப் புல்வெளியில் மாட்டுப்பட்டி.)

இந்த உடன்பாடுகளை எழுத்தில் கொண்டுவர முயன்ற நாடுகளும் உண்டு. மங்கோலியாவின் 1992ஆம் ஆண்டு அரசியலமைப்பு மேய்ச்சல் நிலத்தைத் தனியார் உடைமையாக்க இடமளிக்கவில்லை. மேற்கு ஆபிரிக்க நாடுகளின் பொருளாதாரச் சமூகம் 1998இல் ஏற்படுத்திய விதிகளின்படி, மந்தையின் தொகை, ஏற்றிய தடுப்பூசிகள், போகும் வழி ஆகியவற்றைக் குறித்த சான்றிதழோடு இடையர் எல்லை கடக்கலாம். நடைமுறையில் எல்லைக் காவலர் கேட்கும் கையூட்டு வேறு கணக்கு. ஐக்கிய நாடுகள் சபை 2026ஆம் ஆண்டை மேய்ச்சல் நிலங்களுக்கும் மேய்ப்பர்களுக்குமான சர்வதேச ஆண்டாக அறிவித்தது.

மட்டக்களப்பு மாவட்டத்தில், பெரும்போக விதைப்புத் தொடங்கியதும் வயலோரங்களிலிருந்து மாடுகளை மயிலத்தமடு, மாதவணை மேய்ச்சல் தரைகளுக்கு ஓட்டிச் சென்று, அறுவடை முடிந்ததும் திரும்பக் கொண்டுவருவது பண்ணையாளர்களின் நெடுநாள் வழக்கம். வேறு மாவட்டங்களிலிருந்து வந்தோர் அந்தத் தரையில் பயிர்செய்யத் தொடங்கியதை எதிர்த்து 2023 செப்டெம்பரில் அவர்கள் தொடர் போராட்டத்தில் இறங்கினார்கள். விதைப்புக் காலத்தில் மாட்டை வயலோரம் வைத்திருந்தால் விவசாயியோடு வழக்கு. மேய்ச்சல் தரைக்குக் கொண்டுபோனால் மாடு வெட்டப்படுகிறது அல்லது காணாமற்போகிறது என்பது அவர்களின் முறைப்பாடு. அந்த நிலத்தை மேய்ச்சல் தரையென்று வர்த்தமானியில் அறிவித்து, எல்லைக்கல் நாட்டித் தரவேண்டும் என்று அவர்கள் கேட்கிறார்கள்.