எந்த ஊர்த் தமிழ், பிள்ளை?

வணக்கம் நேயர்களே. இன்று வானொலி நிலையத்துக்கென்று கொழும்பு சுதந்திர சதுக்கத்தில் வந்து இறங்கியபோது வாசலில் நின்றவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "ரூபவாகினிக்கு அடுத்த கேட், மிஸ்" என்றார். அவரில் பிழையில்லை. தொலைக்காட்சியில் முகத்தைக் காட்டிச் சம்பாதித்தவள் குரலை மட்டும் கொடுக்க வந்தால் யாருக்கும் குழப்பம்தான்.

என் தொழிலைப் பற்றிக் கதைக்கச் சொல்லியிருக்கிறார்கள். முதலில் நிகழ்ச்சித் தொகுப்பாளினி. இப்போது சினிமா, பாட்டு, ரியாலிட்டி ஷோ என்று எதைக் கேட்டாலும் அபிப்பிராயம் சொல்கிறவள்.

இலங்கைக்குத் தொலைக்காட்சி வந்தது 1979இல். ரூபவாகினி 1982 பெப்ரவரி 15இல் தொடங்கியது. 1998இல் சக்தி ரி.வி. என்ற தமிழ்ச் சேனல் வந்த பிறகுதான், இப்படியும் ஒரு வேலை இருக்கிறது என்று என்னைப் போன்ற வெள்ளவத்தைப் பிள்ளைகளுக்குப் பட்டது.

வேலை லேசானது என்று நினைத்துத்தான் போனேன். கலையகக் குளிரில் கைவிரல் விறைத்துப் போகும். காதுக்குள் ஒரு சின்னக் கருவி. அதில் தயாரிப்பாளர் "இருபது விநாடி, பதினைந்து, முடியுங்கோ" என்று எண்ணிக்கொண்டே இருப்பார். எதிரே விருந்தினர் மனம் திறந்து கதைத்துக்கொண்டிருப்பார். முதல் வாரம் ஒரு பாடகர், அப்பா காலமாகி மூன்று மாதம் என்றார். நான் சிரித்த முகத்தோடு, "மிக்க மகிழ்ச்சி, ஒரு சிறிய இடைவேளை" என்றேன். அந்த மனிதருடைய பார்வை இன்னும் என்னை விடவில்லை.

அது அனுபவக் குறைவு. ஆனால் இன்னொன்றை அறிந்துதான் செய்தேன். "கதைக்கிறீங்கள்" என்று சொல்லக்கூடாது, "பேசறீங்க" என்று சொல்ல வேண்டும் என்றார்கள். "ஓம்" என்றால் பழசாம், "ஆமா" என்றால் ஸ்டைலாம். சரி என்று பழகிக்கொண்டேன். சென்னையைக் கண்ணால் காணாமலே சென்னைக்காரி ஆகிவிட்டேன். ஒருநாள் நேரலையில் கொட்டாஞ்சேனையிலிருந்து ஓர் அம்மா.

"பிள்ளைக்கு எந்த ஊர்?"

"கொழும்புதாங்க."

"கொழும்பில எந்த ரோட்டில இப்பிடிக் கதைக்கினம்?"

பாட்டைப் போடச் சொல்லிக் கையைக் காட்டிவிட்டேன்.

இத்தனைக்கும் நான் வளர்ந்தது வானொலிச் சத்தத்தில். அந்தக் கால அறிவிப்பாளர்கள் ஒரு பாட்டுக்கு முன்னால் படம், இசையமைத்தவர், எழுதியவர், பாடியவர் என்று ஒருவரையும் விடமாட்டார்கள். விமர்சனம் என்று நான் இன்று செய்கிற வேலைக்கு அதுதான் அரிச்சுவடி. ஒரு பாட்டுக்குப் பின்னால் எத்தனை பேர் என்று முதலில் தெரிந்தால்தானே நல்லது கெட்டது சொல்லலாம். பி.எச். அப்துல் ஹமீத், இங்கே வானொலியில் நடத்திய பாட்டுக்குப் பாட்டைத் தமிழ்நாட்டுத் தொலைக்காட்சிக்குக் கொண்டுபோனார். அதற்காகத் தன் உச்சரிப்பைக் கட்டுநாயக்கா விமான நிலையத்தில் கழற்றி வைத்துவிட்டுப் போகவில்லை. இங்கிருந்துகொண்டே கழற்றியவள் நான்.

அப்புறம் 2019. இங்கே செய்தி வாசித்துக்கொண்டிருந்த லொஸ்லியா தமிழ் பிக் பாஸ் வீட்டுக்குள் போனார். அங்கே ரசிகர்கள் அவருடைய பேச்சில் சொக்கிப் போனார்கள். எங்கள் கலையகத்தில் வெட்டி எறியப்பட்ட அதே இழுவை, அதே சொற்கள். எனக்குச் சிரிப்பும் வந்தது, கொஞ்சம் எரிச்சலும் வந்தது. கொஞ்சும் தமிழ் என்றார்கள். நாங்கள் யாரையும் கொஞ்சவில்லை ஐயா, வீட்டில் சோறு கேட்பதும் சண்டை பிடிப்பதும் அதே தமிழில்தான். இதைத்தான் என் முதல் விமர்சன நிகழ்ச்சியில் சொன்னேன், காதில் கருவி இல்லாமல். வாய் தானாகப் பழைய இடத்துக்குப் போய்விட்டது.

போன கிழமை ஒரு புதுப் படத்தைப் பற்றிப் பதிவு செய்தோம். படத்தொகுப்புத் தம்பிக்கு இருபத்திரண்டு வயதிருக்கும். "அக்கா, 'படம் வடிவாத்தான் இருக்கு, ஆனா கதை இல்லை' எண்டு சொல்லியிருக்கிறீங்கள். இந்தியாவிலயும் பார்ப்பினம். 'வடிவா'வ வெட்டவா?" என்று கேட்டான்.

"இருக்கட்டும் தம்பி. விளங்காட்டில் கேட்பினம்."

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தயாரிப்பாளர் விரல் மடக்கத் தொடங்கிவிட்டார். வாறன், நேயர்களே. வணக்கம்.