தேதி கடந்த பிறகு வரும் நீதி: பயனற்றதாகிவிடும் மனுக்கள்

வணக்கம். "மனு பயனற்றதாகிவிட்டதால் தள்ளுபடி செய்யப்படுகிறது" என்று நீதிமன்றம் சொன்னதாகச் செய்தி வந்தால், மனுதாரர் தோற்றுவிட்டார் என்றே பலரும் எடுத்துக்கொள்கிறார்கள். அந்தப் புரிதல் தவறு.

ஓர் ஆர்ப்பாட்டத்துக்குக் காவல்துறை அனுமதி மறுக்கிறது என்று வைத்துக்கொள்வோம். அதை எதிர்த்துத் தாக்கலான ரிட் மனு விசாரணைக்கு வருவதற்குள் ஆர்ப்பாட்டத் தேதியே கடந்துவிட்டால், அனுமதி மறுத்தது சரியா தவறா என்ற கேள்விக்குள் போகாமலேயே நீதிமன்றம் மனுவை முடித்துவைத்துவிடலாம். கேள்வி தீர்க்கப்படாததால், பிறிதொரு மறுப்பை எதிர்த்து மனுதாரர் மீண்டும் வழக்குத் தொடுக்க இது பொதுவாகத் தடையாவதில்லை. ஆனால் முதன்மை மனு முடிந்தால், அதில் பெற்ற இடைக்கால உத்தரவும் அதோடு முடிந்துவிடும். மனுதாரர்கள் இதை மறந்துவிடக் கூடாது.

(திரையில்: உச்ச நீதிமன்றம், 2022 ஆகஸ்ட் 30)

அன்று தலைமை நீதிபதி யு.யு. லலித் தலைமையிலான அமர்வு, 2002 குஜராத் கலவரம் தொடர்பாக நெடுங்காலம் நிலுவையில் இருந்த மனுக்களைப் பயனற்றவை என முடித்துவைத்தது. தேசிய மனித உரிமைகள் ஆணையத்தின் மனுவும் அவற்றில் ஒன்று. சிறப்புப் புலனாய்வுக் குழு விசாரித்த ஒன்பது வழக்குகளில் எட்டில் நீதிமன்ற விசாரணை முடிந்திருந்தது. நரோடா காம் வழக்கு மட்டும் இறுதி வாதத்தில் இருந்தது. கேட்ட நிவாரணம் பெரும்பாலும் கிடைத்த பிறகு மனு முடிவது நியாயமே. அதே நாளில் வேறோர் அமர்வு, பாபர் மசூதி இடிப்பு தொடர்பான நீதிமன்ற அவமதிப்பு வழக்கையும் முடித்துவைத்தது. இதை அப்படி எளிதாக ஏற்க என்னால் முடியவில்லை. ஏறத்தாழ 30 ஆண்டுகள் பட்டியலுக்கு வராமல் கிடந்த ஒரு வழக்கில், நீதிமன்றத்தின் தாமதமே தீர்ப்பாகிவிடுகிறது அல்லவா?

இந்த வருத்தத்தோடுதான் பணமதிப்பு நீக்க வழக்கையும் பார்க்க வேண்டும். 2016 நவம்பர் 8 அன்று 500, 1000 ரூபாய் நோட்டுகள் செல்லாதவையாக அறிவிக்கப்பட்டன. அதே ஆண்டு டிசம்பரில் அதன் செல்லுபடி குறித்த கேள்விகள் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியலமைப்பு அமர்வுக்கு அனுப்பப்பட்டன. விசாரணையோ 2022இல்தான் நடந்தது. இது இனி ஏட்டளவிலான கேள்வி என்று மத்திய அரசு வாதிட்டது. ஆயினும் அமர்வு வழக்கை முழுமையாகக் கேட்டு, 2023 ஜனவரி 2 அன்று நால்வருக்கு ஒருவர் என்ற பெரும்பான்மையில் அறிவிப்பு செல்லும் என்றது. மாறுபட்ட தீர்ப்பெழுதிய நீதிபதி பி.வி. நாகரத்னா அது சட்டவிரோதம் என்றார். ஆனால் நடவடிக்கை நிறைவேறி ஆண்டுகள் கடந்துவிட்டதால் பழைய நிலைக்குத் திரும்ப இயலாது என்பதையும், தம் முடிவு இனி வருங்காலத்துக்கே பொருந்தும் என்பதையும் அவரே அதில் பதிவு செய்தார்.