உருளைக்கிழங்கு ஸ்கில்லெட்: உள்ள மெத்துன்னு, வெளிய மொறுமொறுன்னு

வணக்கம் மக்களே. இன்னிக்குக் காலையில வயிறு நிறையச் சாப்பிடுற மாதிரி ஒரு உருளைக்கிழங்கு ஸ்கில்லெட் பண்ணலாம். ஸ்கில்லெட்னா அகலமான வறுக்கிற சட்டி, அதுல பண்ற சாப்பாட்டுக்கும் அதே பேருதான். கிழங்கு, வெங்காயம், குடைமிளகாய், மேல முட்டை. எல்லாம் ஒரே சட்டியில.

இதுல என்ன ஆகும்னா, கிழங்கு சட்டியில ஒட்டிக்கும், பாதி குழைஞ்சிடும், பாதி வேகாம நறுக்நறுக்குன்னு இருக்கும். இதுக்கெல்லாம் பெரும்பாலும் ஒரே காரணம்தான், ஈரம். உருளைக்கிழங்குல கிட்டத்தட்ட 80 சதவீதம் தண்ணி. மேல ஈரம் இருக்கிற வரைக்கும் அந்த இடத்தோட சூடு 100 டிகிரி செல்சியஸைத் தாண்டாது. நல்லா சிவந்து வரணும்னா 140 டிகிரியாவது வேணும். அதனால எந்தப் பொருளை எப்போ போடுறோம்ங்கிறது இதுல ரொம்ப முக்கியம்.

அளவு சொல்லிடுறேன். ரெண்டு பேருக்கு அரை கிலோ கிழங்கு. ஒரு பெரிய வெங்காயம், ஒரு குடைமிளகாய், 4 முட்டை, 3 பல் பூண்டு. எண்ணெய் 3 டேபிள்ஸ்பூன், வெண்ணெய் ஒரு டேபிள்ஸ்பூன். பாப்ரிகா தூள் (காரம் கம்மியான சிவப்பு மிளகாய்த் தூள்) ஒரு டீஸ்பூன், மிளகுத்தூள் அரை டீஸ்பூன். சீஸ் பிடிச்சா ஒரு 50 கிராம். சட்டி 12 அங்குலம். 10 அங்குலச் சட்டிதான் இருக்குன்னா கிழங்கை 350 கிராமுக்குக் குறைச்சுக்குங்க, இல்லைன்னா ரெண்டு தடவையா வறுங்க. சின்னச் சட்டியில குவிச்சுப் போட்டீங்கன்னா அடியில இருக்கிற கிழங்கோட ஆவி மேல இருக்கிற கிழங்கை வேக வெச்சிடும். அப்புறம் எவ்வளவு நேரம் நின்னாலும் சிவக்காது.

கிழங்கு வாங்கும்போது ஒரு விஷயம். வெட்டினதும் கத்தியில வெள்ளையா மாவு படிஞ்சா அது மாவுக் கிழங்கு. நல்ல மொறுமொறுப்பு கொடுக்கும், ஆனா சீக்கிரம் உடையும். கத்தி வழவழன்னு ஈரமா வந்தா அது கெட்டிக் கிழங்கு, உடையாது, மொறுமொறுப்பு கொஞ்சம் கம்மி. ரெண்டுலயும் பண்ணலாம். பச்சை நிறம் பரவின கிழங்கையும், கசக்கிற கிழங்கையும் சேர்க்காதீங்க. வேகவைக்காத கிழங்கை ஃப்ரிட்ஜ்ல வைக்கவும் வேணாம். குளிர்ல மாவுச்சத்து சர்க்கரையா மாறும், அந்தக் கிழங்கு உள்ள வேகறதுக்குள்ள வெளிய கருகிக் கசக்கும்.

தோல் மெல்லிசா இருந்தா சீவ வேணாம், நல்லாத் தேய்ச்சுக் கழுவினாப் போதும். ஒன்றரை சென்டிமீட்டர் துண்டா வெட்டுங்க. எல்லாம் ஒரே அளவா இருக்கணும், இதுல சோம்பேறித்தனம் வேணாம். சின்னத் துண்டு கருகிட்டிருக்கும்போது பெரிய துண்டு பச்சையாவே இருக்கும். வெட்டினதை ரெண்டு மூணு தண்ணியில அலசுங்க. அந்தப் பால் மாதிரி கலங்கல் போகணும். மேல படிஞ்ச அந்த மாவுதான் துண்டுங்க ஒண்ணோட ஒண்ணு ஒட்டுறதுக்குக் காரணம்.

இப்போ அரைவேக்காடு. இதை விட்டுட்டு நேரா சட்டியில போடுறவங்க உண்டு, முடியும்தான், ஆனா மூடி போட்டு வேகவெச்சு, திறந்து, திரும்ப வறுத்துன்னு கண்ணுக்குள்ளேயே வெச்சுப் பார்த்துக்கணும். அரைவேக்காடு எடுத்தா அந்தப் போராட்டம் இல்லை. ஒரு லிட்டர் பச்சைத் தண்ணி, ரெண்டு டீஸ்பூன் உப்பு, ஒரு டேபிள்ஸ்பூன் வினிகர். கிழங்கையும் இதோடயே போட்டு அடுப்பை ஏத்துங்க. கொதிக்கிற தண்ணியில போட்டா வெளிய குழைஞ்சு உள்ள வேகாம நிக்கும். வினிகர் எதுக்குன்னா, கிழங்கோட செல்களை ஒட்டிப் பிடிச்சு வெச்சிருக்கிறது பெக்டின். புளிப்புத் தண்ணியில அது சீக்கிரம் கரையாது, துண்டோட முனை உடையாம நிக்கும். சமையல் சோடா இதுக்கு நேர் எதிர், வெளிப்பக்கத்தைக் கூழாக்கிடும். ஓவன்ல பெரிய துண்டா ரோஸ்ட் பண்ணும்போது அது அருமையா இருக்கும். சட்டியில திருப்பித் திருப்பி வறுக்கிற சின்னத் துண்டுக்கு வேணாம்.

கொதி வந்ததும் தீயைக் குறைச்சு 6 லேருந்து 8 நிமிஷம். கத்தி முனையால குத்திப் பாருங்க. உள்ள இறங்கணும், ஆனா நடுவுல லேசா ஒரு பிடிப்பு இருக்கணும். அப்போவே வடிச்சிடுங்க.

வடிச்சதும் மூடாதீங்க! தயவுசெஞ்சு மூடாதீங்க. அந்தச் சூடான பாத்திரத்துலயே திரும்பப் போட்டு, சின்னத் தீயில ஒரு நிமிஷம் குலுக்குங்க. அப்புறம் ஒரு அகலமான தட்டுல பரப்புங்க. ஆவி பறக்குது பாருங்க, அவ்வளவும் சட்டியில போயிருந்தா கிழங்கைச் சிவக்க விட்டிருக்காது. ஓரமெல்லாம் வெளுத்து, தொட்டா சொரசொரன்னு காஞ்சிருக்கணும். அஞ்சு நிமிஷம் ஆகும். காலையில நேரம் இல்லாதவங்க இதுவரைக்கும் முந்தின நாள் ராத்திரியே பண்ணி, ஆறவெச்சு, ஃப்ரிட்ஜ்ல மூடாம வைக்கலாம். வெந்த கிழங்கை ஃப்ரிட்ஜ்ல வைக்கிறதுல தப்பில்லை. உண்மையில இன்னும் நல்லா வரும். மாவுச்சத்து இறுகிக்கும், மேல்பக்கம் நல்லாக் காஞ்சிடும்.

சட்டிக்கு வருவோம். காஸ்ட் அயர்ன், அதாவது வார்ப்பிரும்புச் சட்டின்னா மிதமான தீயில அஞ்சு நிமிஷம் காயவிடுங்க. அதுல சூடு மெதுவாத்தான் பரவும், அவசரப்பட்டா நடுவுல புகையும், ஓரம் ஆறிக் கிடக்கும். ஒரு சொட்டுத் தண்ணி விட்டா உருண்டு ஓடணும். நான்-ஸ்டிக்னா வெறுஞ்சட்டியா காயவைக்க வேணாம், எண்ணெயோடவே சூடு பண்ணுங்க. எண்ணெய் கடலை எண்ணெயோ சூரியகாந்தி எண்ணெயோ எதுவா இருந்தாலும் சரி. வெண்ணெய் இப்போ வேணாம், அதுல இருக்கிற பால் கசடு கருகிடும். வாசனைக்குக் கடைசியில போட்டுக்கலாம்.

எண்ணெய் மினுமினுன்னு அலையும்போது கிழங்கை ஒரே அடுக்கா பரப்புங்க. சத்தத்தைக் கேளுங்க... சர்ருன்னு விடாம வருது இல்லையா? இந்தச் சத்தம் அடங்கிப் போச்சுன்னா தீ பத்தலை, இல்லை கிழங்கு அதிகம். இனிமே 4, 5 நிமிஷத்துக்குக் கையை வைக்கக்கூடாது. ஒட்டுதேன்னு சுரண்டுனா அந்த மொறுமொறு மேல்தோல் சட்டியோட போயிடும். பொறுத்தா அதுவே விட்டு வரும். ஒரு துண்டைத் திருப்பிப் பாருங்க, பொன்னிறமா இருந்தா மத்ததையும் தோசைத்திருப்பியால அடியோட எடுத்துத் திருப்புங்க. இப்படி மூணு தடவை, மொத்தம் 12 லேருந்து 15 நிமிஷம். உப்பு கடைசியில கொஞ்சம் போதும், தண்ணியில ஏற்கெனவே போட்டாச்சு. முன்னாடியே தூவினா உப்பு தண்ணியை இழுத்து வெளிய விடும்.

அடுத்து நிறைய பேர் இங்கேயே வெங்காயத்தையும் குடைமிளகாயையும் மேல கொட்டுவாங்க. ரெண்டுமே பத்துல ஒன்பது பங்கு தண்ணி. இவ்வளவு நேரம் பட்ட பாடு வீணாப் போயிடும். கிழங்கை ஒரு தட்டுல எடுத்து வெச்சிடுங்க, மூடாம. அதே சட்டியில ஒரு ஸ்பூன் எண்ணெய், வெங்காயம், குடைமிளகாய், நல்ல தீயில 5 நிமிஷம். ஓரம் லேசாக் கருகினா ருசிதான். பூண்டு கடைசி அரை நிமிஷம். பாப்ரிகாவை தீயைக் குறைச்சுட்டுப் போடுங்க, பத்து விநாடி புரட்டினாப் போதும், அதுக்கு மேல போனா கசக்கும். மிளகுத்தூளும் இப்பவே. இப்போ கிழங்கைத் திரும்பச் சேர்த்து ஒரே ஒரு தடவை புரட்டுங்க.

வேற ஏதாவது சேர்க்கணுமா? காளானைத் தனியா, தண்ணி வத்துற வரைக்கும் வதக்கிட்டுச் சேருங்க. கீரையை வதக்கிப் பிழிஞ்சிடுங்க. தக்காளியை அடுப்பை அணைச்ச பிறகு மேல பச்சையாப் போடுங்க. சாசேஜ்னா அதை முதல்லயே வறுத்தெடுத்துட்டு, அதுல இறங்கின கொழுப்புலயே கிழங்கை வறுக்கலாம், எண்ணெயை அந்த அளவுக்குக் குறைச்சுக்குங்க.

முட்டை. கரண்டியால நாலு குழி பண்ணி, குழிக்குக் கொஞ்சம் வெண்ணெய். முட்டையை முதல்ல ஒரு கப்புல உடைச்சு ஊத்துங்க, ஓடு விழுந்தா எடுத்துடலாம். சின்னத் தீ, மூடி போட்டு மூணு நிமிஷம். ஆனா ஒண்ணு, மூடி போட்டதும் ஆவி கட்டும், மொறுமொறுப்பு கொஞ்சம் இறங்கும். மொறுமொறுப்புதான் முக்கியம்னு நினைக்கிறவங்க முட்டையைத் தனிச் சட்டியில பொரிச்சு மேல வைங்க. நான் சொல்லுறது அதைத்தான், கழுவ ஒரு சட்டி கூடினாலும் பரவாயில்லை. ஓவன் இருந்தா 200 டிகிரியில மூடாம 5, 6 நிமிஷம். கைப்பிடி ஓவன் சூடு தாங்குற சட்டிதானான்னு பார்த்துக்குங்க.

வெள்ளைக்கரு இன்னும் லேசா ஆடும்போதே அடுப்பை அணைச்சிடுங்க, காஸ்ட் அயர்ன் சூட்டைப் பிடிச்சு வெச்சு மிச்சத்தை வேகவெச்சிடும். சின்னக் குழந்தைங்க, கர்ப்பிணிங்க, வயசானவங்க சாப்பிடுறாங்கன்னா மஞ்சள் கருவும் முழுசா கெட்டியாகுற வரைக்கும் விடுங்க. சீஸ் போடுறதா இருந்தா கட்டியா வாங்கித் துருவுங்க. துருவி பாக்கெட்ல வர்றதுல ஒட்டாம இருக்க மாவு தூவியிருப்பாங்க, உருகினாலும் வழுவழுன்னு வராது.

மிச்சம் ஆச்சுன்னா ரெண்டு மணி நேரத்துக்குள்ள ஃப்ரிட்ஜ்ல வெச்சிடுங்க, மூணு நாளைக்குள்ள சாப்பிட்டுடுங்க. சூடு பண்றது சட்டியிலதான், மூடி இல்லாம, ஒரு ஸ்பூன் எண்ணெய் விட்டு. மைக்ரோவேவ்ல வெச்சா துவண்டு போயிடும். முட்டையை மட்டும் புதுசாப் போட்டுக்குங்க.