வசதி வந்தால் பாசம் போய்விடுமா?

திருப்பூரிலிருந்து ஒரு சகோதரி கேட்ட கேள்வி நாலு நாளாக மண்டையைக் குடைகிறது. "கல்யாணமாகி 5 வருஷம். இரண்டு பேரும் சம்பாதிக்கிறோம். வீட்டில் இல்லாத சாமான் இல்லை. ஆனால் வாயைத் திறந்தால் சண்டை. வசதி வந்தால் பாசம் போய்விடுமா ஐயா?"

போகாதம்மா. வசதிமேல் எனக்குக் கோபமே கிடையாது. என் கிரைண்டர் கதையைப் பழைய ஆட்கள் கேட்டிருப்பீர்கள். சிரிக்காதீர்கள், மறுபடியும் சொல்கிறேன். ஆட்டுக்கல்லில் மாவாட்டி அம்மாவுக்கு வந்த தோள்வலியைக் கோயம்புத்தூர் கிரைண்டர்தான் தீர்த்தது. அதற்குப் புவிசார் குறியீடு கொடுத்திருக்கிறார்கள். என்னைக் கேட்டால் கோயிலே கட்டலாம். ஆனால் அது வீட்டுக்கு வந்த விதத்தைப் பாருங்கள். அம்மா 20 மாசச் சீட்டுப் போட்டார். சீட்டை எடுக்கும்வரை வீட்டில் அதே பேச்சுதான். எந்தக் கடை, எங்கே வைப்பது? 'மெஷின் மாவில் இட்லி ருசிக்காது' என்று அப்பா முனகுவார். 'அப்போ நீங்களே ஆட்டுங்கள்' என்பார் அம்மா. பேச்சு முதலில் வந்தது, கிரைண்டர் அப்புறம் வந்தது.

மாதத் தவணை இதைத் தலைகீழாக்கிவிட்டது. ராத்திரி 11 மணிக்குப் படுத்தபடியே ஒருவர் போனில் டிவி வாங்குகிறார். பெட்டி வாசலுக்கு வந்தபிறகுதான் இன்னொருவருக்குத் தெரிகிறது. பொருள் முதலில், பேச்சு அப்புறம், அதுவும் சண்டையாக. 'வட்டியே இல்லை' என்று ஒரு சமாதானம் வேறு! பூஜ்ய வட்டி என்று ஒன்று கிடையாது, வட்டி பெரும்பாலும் செயலாக்கக் கட்டணத்துக்குள் ஒளிந்திருக்கிறது என்று 2013 செப்டம்பரிலேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது.

எனக்குத் தெரிந்த ஒரு வீட்டில் கணவர் சொல்லாமல் பைக் வாங்கினார். அந்தக் கோபத்தில் மனைவி டிரெட்மில் வாங்கினார். இப்போது அதில் துணி காய்கிறது. தவணை இன்னும் முடியவில்லை.

ஆகவே சகோதரி, பாசம் போய்விடுமா என்ற கேள்வியை விடுங்கள். நான் வேறொன்று கேட்கிறேன்: உங்கள் கணவர் மாசம் எவ்வளவு தவணை கட்டுகிறார் என்று உங்களுக்குத் தெரியுமா? உங்களுடையது அவருக்குத் தெரியுமா? சம்பளம் வந்த அன்று டிவியை அணைத்துவிட்டு, இரண்டு பேரும் ஒரே தாளில் எழுதுங்கள். முதல் பத்து நிமிஷம் சண்டை வரும், வரட்டும். எங்கள் வீட்டுச் சீட்டுக் கணக்கு பழைய காலண்டர் தாளின் பின்பக்கத்தில் இருக்கிறது, இன்னும் வைத்திருக்கிறேன். பாதி அப்பா கையெழுத்து. அவர் கூட்டலில் விட்ட தப்பை அம்மா அடித்துத் திருத்தியிருக்கிறார்.