லண்டனை மீட்டது சட்டமே!

நடுவர் அவர்களே, இரு அணிப் பேச்சாளர்களே, அவையில் அமர்ந்திருக்கும் பெரியோர்களே, நண்பர்களே, வணக்கம்.

"1666-இல் எரிந்த லண்டன் மீண்டெழப் பெரிதும் காரணம் மன்னரும் அவரைச் சேர்ந்த மேதைகளுமா, சட்டமும் நீதிமன்றமுமா?" இதுதான் தலைப்பு. எதிரணித் தோழர், மன்னர் இரண்டாம் சார்லஸ் தன் தம்பியோடு தெருவில் இறங்கித் தீயணைத்த கதையைச் சொன்னார். கட்டடக் கலைஞர் கிறிஸ்டோபர் ரென் வரைந்த புதிய நகரத் திட்டத்தைச் சொன்னார். இரண்டும் உண்மைதான், மறுக்கவில்லை. ஆனால் தீ அணைந்த பிறகு அந்த ஊர்க்காரனுக்கு என்ன சிக்கல் என்பதைப் பற்றி அவர் ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. நான் அதைத்தான் பேசப்போகிறேன்.

செப்டம்பர் 2, ஞாயிற்றுக்கிழமை அதிகாலை, புட்டிங் லேனில் ஒரு ரொட்டிக் கடையில் பிடித்த தீ. நான்கைந்து நாளில் சுமார் 13,200 வீடுகள் போயின. 87 தேவாலயங்கள் போயின. சரி, வீடு போய்விட்டது, கட்ட வேண்டியதுதானே? அங்கேதான் முடிச்சு. லண்டனில் ஒரு வீட்டுக்கு ஒரு சொந்தக்காரர் என்று நினைத்துவிடாதீர்கள். மனை ஒரு தேவாலயத்துக்கோ, ஒரே தொழில் செய்வோர் சேர்ந்து நடத்திய தொழிற்சங்கத்துக்கோ சொந்தமாக இருக்கும். அதை ஒரு வணிகர் நீண்ட காலக் குத்தகைக்கு எடுத்திருப்பார். அவரிடமிருந்து ஒரு கடைக்காரர் உள்குத்தகை எடுத்திருப்பார். அவருக்குக் கீழே இன்னும் இரண்டு குடித்தனம். குத்தகைப் பத்திரத்தில் என்ன எழுதியிருக்கும்? வீட்டைப் பழுது பார்த்துத் தர வேண்டியது குத்தகைதாரர். வீடு எரிந்தாலும் வாடகை நிற்காது. அதாவது, சாம்பல் மேட்டுக்கு வாடகையும் கொடுத்து, சொந்தச் செலவில் வீட்டையும் கட்டி, குத்தகை முடிந்ததும் அதை இன்னொருவருக்கு விட்டுக்கொடுத்துவிட்டுப் போக வேண்டும். எவன் செங்கல்லைத் தொடுவான்?

மன்னர் செப்டம்பர் 13-இல் அறிக்கை வெளியிட்டார். செங்கல்லாலும் கல்லாலும் கட்டுங்கள், தெருக்களை அகலமாக்குங்கள் என்றார். நல்ல எண்ணம். ரென்னின் திட்டமோ தீ அணைந்து ஒரு வாரத்துக்குள் மன்னர் கைக்கே வந்துவிட்டது. நேர்த்தியான சாலைகள், அழகான சதுக்கங்கள். ஆனால் அந்தச் சாலைகள் ஆயிரக்கணக்கானவர்களின் மனைகளுக்கு மேல் கோடு கிழித்துப் போட்டவை. அவர்களை என்ன செய்வது என்பதற்குத் திட்டத்தில் விடை இல்லை. அது வரைபடமாகவே நின்றுபோனது.

முடிச்சை அவிழ்த்தது எது? 1667 பிப்ரவரியில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய இரண்டு சட்டங்கள். முதல் சட்டம் தீ நீதிமன்றம் என்ற ஒன்றை உருவாக்கியது. அதைப் பற்றிக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல விரும்புகிறேன், நடுவர் அவர்களே, ஏனென்றால் என் வாதத்தின் உயிரே அதுதான்.

நாட்டின் உயர் நீதிபதிகளில் மூன்று பேர் அமர்ந்தால் போதும், மன்றம் கூடும். ஜூரி இல்லை. ஆண்டுக்கணக்கில் இழுக்கும் நடைமுறை இல்லை. நீதிபதிகளுக்கு ஊதியமும் இல்லை. பிப்ரவரி மாதமே கிளிஃபோர்ட்ஸ் இன் மண்டபத்தில் அமர்ந்துவிட்டார்கள். மேத்யூ ஹேல் போன்ற பெரும் சட்ட அறிஞர்கள் அதில் இருந்தார்கள். நில உரிமையாளர், குத்தகைதாரர், உள்குத்தகைதாரர் எல்லோரையும் ஒரே நேரத்தில் முன்னால் நிறுத்திக் கேட்டார்கள்: குத்தகை இன்னும் எத்தனை ஆண்டு மிச்சம்? முன்பணம் எவ்வளவு கொடுத்தாய்? கட்ட யாருக்கு வசதி? பத்திரத்தில் உள்ள எழுத்தை மட்டும் பார்க்காமல், இழப்பை யார் எவ்வளவு தாங்க முடியும் என்று பார்த்தார்கள். கட்ட முன்வந்த குத்தகைதாரருக்கு வாடகையைக் குறைத்தார்கள், குத்தகைக் காலத்தை நீட்டித்தார்கள். கட்ட முடியாதவரைக் குத்தகையிலிருந்து விடுவித்தார்கள். இப்படி ஆயிரத்துக்கும் மேற்பட்ட வழக்குகள். ஒவ்வொரு தீர்ப்புக்கும் பின்னால் ஒரு மனையில் அஸ்திவாரம் தோண்ட வழி பிறந்தது.

இரண்டாவது சட்டம் கட்டுமானச் சட்டம். சந்தில் இரண்டு மாடி, முக்கியமான தெருவில் மூன்று, பெருந்தெருவில் நான்கு. சுவரின் கனம்கூட சட்டத்திலேயே இருந்தது. தெருவுக்கு மேல் துருத்திக்கொண்டு நின்ற பழைய மரமாடங்களுக்கு இனி இடமில்லை. கொத்தனார், தச்சர் வேலையை நகரத் தொழிற்சங்கத்தார் மட்டுமே செய்யலாம் என்ற பழைய கட்டுப்பாட்டைத் தளர்த்தி, வெளியூர்க் கைவினைஞர்களை உள்ளே விட்டது. செங்கல் விற்பவர்கள் விலையை ஏற்றினால் நீதிபதிகள் விலை நிர்ணயிக்கலாம். இத்தனையும் யோசித்திருக்கிறார்கள்!

எதிரணியினர் அடுத்து மேயர் பிளட்வொர்த்தை இழுப்பார்கள். வீடுகளை இடித்துத் தீயைத் தடுக்க அவர் தயங்கினார், இடித்தால் யார் பணம் கொடுப்பது என்ற பயம், அதை மீறி இடிக்கச் சொன்னது மன்னர்தான் என்பார்கள். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்த ஓட்டையை அடைத்தது எது? தெருவை அகலப்படுத்த நிலம் கொடுத்தவர்களுக்கு இழப்பீடு உண்டு என்று இதே கட்டுமானச் சட்டம்தான் சொன்னது. ராபர்ட் ஹூக் போன்ற அளவையாளர்கள் மனை மனையாகப் போய் முளை அடித்து அளந்து கொடுத்தார்கள். நகர மன்றத்தின் மண்டபமான கில்ட்ஹாலிலிருந்து தேம்ஸ் நதியை நோக்கிப் புதுத் தெருவே பிறந்தது.

ராபர்ட் ஹூபர்ட்டைப் பற்றியும் கேட்பார்கள். தீ வைத்தது நானே என்று பொய் வாக்குமூலம் கொடுத்த அந்தப் பிரெஞ்சுக்காரரைத் தூக்கிலிட்டார்கள். தீ பிடித்தபோது அவர் லண்டனிலேயே இல்லை என்று பிறகு தெரிந்தது. அது நீதிமன்றத்தின் மேல் விழுந்த கறை, அதற்கு நான் சமாதானம் சொல்ல மாட்டேன். ஆனால் ஒரு கேள்வி. அவர் பேச்சை நம்ப முடியவில்லை என்று தலைமை நீதிபதியே மன்னரிடம் சொன்னாரே! மன்னிக்கும் அதிகாரம் யார் கையில் இருந்தது? மன்னர் கையில். அவர் ஏன் பயன்படுத்தவில்லை?

அப்புறம் பணம். மன்னர் நினைத்தபடி வரி போட முடியுமா? நாடாளுமன்றத்தோடு மோதி, போரில் தோற்று, 1649-இல் அவருடைய தந்தை தலையையே இழந்தார். லண்டனுக்கு வரும் நிலக்கரிக்கு டன்னுக்கு ஒரு ஷில்லிங் வரி என்று சட்டம் சொன்னது, பிறகு 1670-இல் அது மூன்று ஷில்லிங் ஆனது. ரென்னின் தேவாலயங்களும், எதிரணித் தோழர் அவ்வளவு ஆசையாக வர்ணித்த செயின்ட் பால்ஸ் பேராலயமும் எழுந்தது இந்தக் கரிக்காசில்தான்.

ஐந்தாறு ஆண்டுகளில் பெரும்பாலான வீடுகள் எழுந்துவிட்டன. அப்போது லண்டன் நகர மன்றம் யாருக்கு நன்றி சொன்னது தெரியுமா? தீ நீதிமன்றத்தில் அமர்ந்த நீதிபதிகள் 22 பேரின் முழு உருவ ஓவியங்களை ஜான் மைக்கேல் ரைட் என்ற ஓவியரிடம் வரையச் சொல்லி, கில்ட்ஹாலில் மாட்டி வைத்தது. எரிந்த ஊரில் வாழ்ந்தவர்கள் சொன்ன சாட்சியம் அது. அதையே என் கடைசிச் சான்றாக நடுவர் அவர்கள் முன் வைக்கிறேன். நன்றி, வணக்கம்.