அன்சட்ஸ் என்றொரு ஜெர்மன் சொல்

நேயர்களுக்கு வணக்கம்.

இயற்பியலையோ கணிதத்தையோ கொஞ்சம் ஆழமாகப் படிக்கப் போகிறவர்கள், ஆங்கில நூல்களில் என்றைக்காவது ஒரு நாள் இந்த வாக்கியத்தைச் சந்தித்தே தீருவார்கள்: ‘பின்வரும் அன்சட்ஸை எடுத்துக்கொள்வோம்.’ அடுத்த வரியில் ஒரு சமன்பாடு இருக்கும். அது எங்கிருந்து வந்தது என்று முந்தைய பக்கங்களைப் புரட்டினால் ஒன்றும் கிடைக்காது. எதிலிருந்தும் தருவிக்கப்படாமல் திடீரென்று வந்து நிற்கும். ஆனால் அதைப் பிடித்துக்கொண்டுதான் மீதிப் பாடம் முழுவதும் நகரும். படிக்கிற பிள்ளைகள் பலர் அந்த இடத்தில் மனம் தளர்ந்துபோகிறார்கள். இது எனக்குத் தோன்றியிருக்காதே, அப்படியானால் இந்தப் படிப்பே எனக்கு வராதோ என்று நினைக்கிறார்கள். அவர்களை மனத்தில் வைத்துத்தான் இன்று இந்த ஒரு சொல்லைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன்.

அன்சட்ஸ் ஜெர்மன் மொழியில் சர்வ சாதாரணமான சொல். ஒன்றைப் பொருத்தி வைத்துத் தொடங்குவது என்ற பொருள் தரும் வினையிலிருந்து வந்த பெயர். ஊதுகுழல் வாசிப்பவர் வாத்தியத்தில் உதட்டைப் பொருத்தும் விதம் அங்கே அன்சட்ஸ்தான். நெற்றியில் முடி தொடங்கும் இடத்துக்கும் இந்தச் சொல் வரும். ஆய்வுக்கூடத்தில் ஒரு வினைக்காகக் கலந்து வைத்த கரைசலையும் அப்படித்தான் சொல்வார்கள். பள்ளியில், வாக்கியமாகக் கொடுத்த கணக்கைச் சமன்பாடாக எழுதும் முதல் வரிக்கும் அதே பெயர். ஆங்கிலத்துக்கு இவை எதுவும் போகவில்லை. போனது ஒரே ஒரு பொருள்: விடை இப்படிப்பட்ட வடிவத்தில் இருக்கும் என்று முதலிலேயே எழுதிவிட்டு, பிறகு அதைச் சமன்பாட்டில் போட்டுப் பார்ப்பது.

1930களின் தொடக்கம் வரை இயற்பியலின் முக்கியமான கட்டுரைகளில் பெரும்பகுதி ஜெர்மன் மொழியில்தான் வந்தது. அதனால் ஜெர்மன் சொற்கள் பல ஆங்கிலத்தில் தங்கிவிட்டன. ஐகன் மதிப்பு அப்படி வந்தது. எலக்ட்ரான் வேகம் குறையும்போது வெளிவரும் கதிர்வீச்சுக்கான பிரெம்ஸ்ட்ராலுங்கும் அப்படித்தான். ஆனால் இவை ஒரு பொருளையோ நிகழ்வையோ குறிப்பவை. அன்சட்ஸ் ஆய்வாளர் செய்யும் ஒரு செயலைக் குறிக்கிறது. கருதுகோள் என்று அதைச் சொல்ல முடியாது. கருதுகோள் உலகம் எப்படி இருக்கிறது என்பதைப் பற்றியது, அன்சட்ஸ் விடையின் வடிவத்தைப் பற்றியது. ஊகம் என்றால் ஓரளவு சரி. ஆனால் அதற்குள் ஒரு கடமையும் இருக்கிறது: சரிபார்க்காமல் விட்டால் அது அன்சட்ஸ் ஆகாது. நான் வலியுறுத்த விரும்புவது இதைத்தான்.

எளிய எடுத்துக்காட்டு ஒன்றைப் பார்ப்போம். சுருள்வில்லில் தொங்கும் ஓர் எடை. இழுத்து விட்டால் மேலும் கீழும் ஆடும், காற்றோ எண்ணெயோ உராய்ந்தால் மெல்ல அடங்கும். இதன் சமன்பாட்டில் இடப்பெயர்ச்சி, அதன் மாறும் வீதம், அந்த வீதம் மாறும் வீதம் என மூன்றும் வருகின்றன. மூன்றையும் கூட்டினால் சுழியம் வரவேண்டும். அப்படியென்றால் எத்தனை முறை வகையிட்டாலும் தன் உருவம் மாறாத ஒரு சார்பு இருந்தால் வசதி. அடுக்குக்குறிச் சார்பு அப்படிப்பட்டது. வகையிட்டால் முன்னால் ஓர் எண் வந்து ஒட்டிக்கொள்ளும், அவ்வளவுதான். சரி, விடை அதுவென்றே எழுதிவிடுவோம். அடுக்கில் உள்ள எண்ணை மட்டும் இப்போதைக்குத் தெரியாததாக விட்டுவைப்போம்.

இதைச் சமன்பாட்டில் போட்டதும், வகைநுண்கணிதக் கணக்கு பள்ளியில் படித்த இருபடிச் சமன்பாடாகச் சுருங்கிவிடுகிறது. உராய்வு குறைவாக இருந்தால் ஆடி ஆடி அடங்கும் விடை, அதிகமாக இருந்தால் ஆடாமலேயே அடங்கும் விடை, இரண்டும் அதிலிருந்தே வந்துவிடும். நடுவில் ஒரு குறிப்பிட்ட உராய்வு அளவு உண்டு. அங்கே இருபடிச் சமன்பாட்டின் இரண்டு மூலங்களும் ஒன்றாகிவிடும். நமக்கு இரண்டு தனித்தனி விடைகள் வேண்டும், கையில் இருப்பதோ ஒன்று. எடுத்த வடிவம் போதவில்லை என்று கணக்கே காட்டிக்கொடுத்துவிடுகிறது. அப்போது அதே சார்பை நேரத்தால் பெருக்கி இன்னொரு வடிவமாக வைத்துப் பார்க்கிறோம், பொருந்துகிறது. நல்ல அன்சட்ஸ் எங்கே பொருந்தவில்லையோ அங்கே எதைச் சேர்க்கவேண்டும் என்பதையும் கோடிகாட்டும். இந்த இடத்தை வகுப்பில் ஒரே வரியில் சொல்லிவிட்டுத் தாண்டிப்போவது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

எல்லா நேரமும் இப்படி முழுமையான விடை கிடைத்துவிடாது. ஹீலியம் அணுவை எடுத்துக்கொள்ளுங்கள். அணுக்கருவின் மின்னூட்டம் 2, சுற்றிலும் இரண்டு எலக்ட்ரான்கள். ஓர் எலக்ட்ரான் மட்டும் இருந்தால் விடை துல்லியமாகத் தெரியும். இரண்டு இருந்தால் ஒன்றையொன்று விலக்குகின்றன, அந்த ஓர் உறுப்பு கணக்கைச் சிக்கலாக்கிவிடுகிறது. விலக்கம் இல்லாததுபோல ஓர் எலக்ட்ரான் விடையையே இரண்டுக்கும் எழுதி, பிறகு விலக்கத்தையும் சேர்த்து ஆற்றலைக் கணக்கிட்டால் -74.8 எலக்ட்ரான் வோல்ட் வருகிறது. அளந்து கண்ட மதிப்பு -79.0.

இங்கே ஒரு சின்ன மாற்றம் செய்யலாம். சார்பின் வடிவம் அப்படியே இருக்கட்டும், அதற்குள் இருக்கும் மின்னூட்ட எண்ணை மட்டும் 2 என்று கட்டிப்போடாமல் விட்டுவிடுவோம். ஓர் எலக்ட்ரான் மற்றொன்றிலிருந்து அணுக்கருவைக் கொஞ்சம் மறைக்கத்தான் செய்யும், ஆகவே எண் 2-ஐ விடக் குறைவாக இருப்பது இயல்பு. ஆற்றல் எந்த எண்ணுக்கு மிகவும் தாழ்கிறது என்று பார்த்தால் 16-இல் 27, அதாவது 27/16, ஏறத்தாழ 1.69 என்று வருகிறது. ஆற்றல் -77.5. ஒரே ஓர் எண்ணைத் தளர்த்தியதில் பாதிக்கு மேற்பட்ட பிழை போய்விட்டது! 1929-இல் ஹில்லராஸ் என்ற நார்வே அறிஞர் இரண்டு எலக்ட்ரான்களுக்கும் இடையிலுள்ள தூரத்தையே சார்புக்குள் நேரடியாகக் கொண்டுவந்தார். கணக்கு சோதனை மதிப்பை நெருங்கிவிட்டது.

எந்த வடிவத்தை வைத்தாலும் இந்த முறையில் கிடைக்கும் ஆற்றல் உண்மையான மிகத்தாழ்ந்த ஆற்றலுக்குக் கீழே போகாது, அது நிறுவப்பட்ட தேற்றம். எனவே இரண்டு பேர் இரண்டு வடிவங்களோடு வந்தால் யாருடையது மேல் என்று சண்டை போடத் தேவையில்லை. எது தாழ்வான எண்ணைத் தருகிறதோ அதுவே உண்மையான ஆற்றலுக்கு நெருக்கம்.

இந்தச் சொல்லுக்கு இன்னொரு முகமும் இருக்கிறது, அதைச் சொல்லாமல் போவது சரியல்ல. 1872-இல் லுட்விக் போல்ட்ஸ்மன் வாயுக்களைப் பற்றி ஒரு கணக்குப் போட்டார். மூலக்கூறுகள் எவ்வளவு அடிக்கடி மோதிக்கொள்கின்றன என்று எழுதவேண்டியிருந்தது. மோதப்போகும் இரண்டு மூலக்கூறுகளின் வேகங்களுக்கும் ஒன்றோடொன்று எந்தத் தொடர்பும் கிடையாது என்று எடுத்துக்கொண்டார். பின்னாளில் எரன்ஃபெஸ்ட் தம்பதியர் இதை ஷ்டோஸ்சால் அன்சட்ஸ் என்று குறிப்பிட்டார்கள், மோதல் எண்ணிக்கைக்கான அன்சட்ஸ் என்று பொருள். இதை வைத்து, வாயு தானாகவே சமநிலையை நோக்கிப் போகும், திரும்பி வராது என்று போல்ட்ஸ்மன் காட்டினார்.

1876-இல் லோஷ்மிட் ஓர் ஆட்சேபம் எழுப்பினார். நியூட்டனின் விதிகளில் காலத்துக்கு முன்பின் கிடையாது. எல்லா மூலக்கூறுகளின் வேகத்தையும் அப்படியே எதிர்த்திசையில் திருப்பிவிட்டால் வாயு வந்த வழியே திரும்பிப் போகவேண்டும். அப்படியிருக்க, திரும்பாமை எந்த வழியாக உள்ளே வந்தது? அந்த அன்சட்ஸ் வழியாகத்தான். மோதுவதற்கு முன் தொடர்பில்லை என்று போல்ட்ஸ்மன் சொன்னார், மோதிய பிறகு தொடர்பில்லை என்று சொல்லவில்லை. முன், பின் என்ற அந்த வேறுபாட்டிலேயே காலத்தின் திசை நுழைந்துவிட்டது. போல்ட்ஸ்மனின் சமன்பாடு இன்றுவரை பயன்படுகிறது, அதில் ஐயமில்லை. ஆனால் ‘இதை எடுத்துக்கொள்வோம்’ என்று சாதாரணமாகத் தோன்றும் ஒரு வரி எவ்வளவு பெரிய விஷயத்தைச் சுமக்கலாம் என்பதற்கு இதைவிடப் பெரிய சான்று நான் அறியேன். 1975-இல் லான்ஃபோர்ட் என்ற கணித அறிஞர், அடர்த்தி மிகக் குறைந்த வாயுவில், மோதல்களுக்கு இடைப்பட்ட சராசரி நேரத்தின் ஒரு பகுதி அளவு காலத்துக்கு இந்தச் சமன்பாடு செல்லும் என்று கறாராக நிறுவினார். அன்சட்ஸ் எழுதி நூறு ஆண்டு கழித்து!

அன்சட்ஸ் என்றதும் இயற்பியலாளர்கள் முதலில் நினைப்பது ஹான்ஸ் பெத்தேயை. 1931-இல் அவர் ரோம் நகரில் இருந்தபோது எழுதிய கட்டுரை அது. அப்போது அவருக்கு 25 வயது நிறையவில்லை. எடுத்துக்கொண்டது காந்தத்துக்கான மிக எளிய மாதிரி: ஒரே வரிசையில் நிற்கும் அணுக்கள், ஒவ்வொன்றும் மேல்நோக்கியோ கீழ்நோக்கியோ காந்தத் திசை கொண்டது, பக்கத்து அணுவோடு மட்டும் உறவு. எல்லாம் மேல்நோக்கி இருக்கும் வரிசையில் சிலவற்றைக் கீழ்நோக்கித் திருப்பினால், அந்தத் திருப்பங்கள் அலைகளாக வரிசையில் ஓடுகின்றன. ஒரு திருப்பம் என்றால் கணக்கு எளிது. இரண்டு என்றால் சந்தித்து, ஒன்றன் உந்தத்தை மற்றொன்று வாங்கிக்கொண்டு போகும், அதுவும் சமாளிக்கக்கூடியதுதான். மூன்று சந்தித்தால் பொதுவாக ஆரம்பத்தில் இல்லாத புதிய உந்தங்கள் பிறக்கலாம். அங்கேதான் கணக்கு கைவிட்டுப் போகவேண்டும்.

பெத்தே அப்படிப் பிறக்காது என்று எடுத்துக்கொண்டார். எத்தனை திருப்பங்கள் இருந்தாலும் உந்தங்கள் கைமாறுமே தவிர புதிதாக எதுவும் வராது என்று வைத்து, எல்லா வரிசை மாற்றங்களையும் கூட்டி ஒரு சார்பு எழுதினார். மூன்று திருப்பங்களுக்கு 6 உறுப்புகள், பத்துக்கு 36,28,800. அதைச் சமன்பாட்டில் போட்டார். அட்சரம் பிசகாமல் பொருந்தியது. தோராயமான விடை இல்லை, துல்லியமான விடை.

ஏன் பொருந்தியது என்பது அப்போது யாருக்கும் முழுதாகப் புரியவில்லை. 1967-இல் சென் நிங் யாங்கும் 1972-இல் ரோட்னி பாக்ஸ்டரும் தனித்தனியே ஒரு நிபந்தனையைக் கண்டுபிடித்தார்கள். மூன்று துகள்கள் எந்த வரிசையில் இரண்டிரண்டாகச் சந்தித்தாலும் முடிவு ஒன்றாகவே இருக்கவேண்டும் என்பதே அது. அது நிறைவேறும் இடங்களில் பெத்தேயின் வழி பலிக்கும். இன்று பெத்தே அன்சட்ஸ் என்றால் ஒரு தனித் துறை. பெத்தே அந்தக் கட்டுரையிலேயே, அடுத்ததில் இதை முப்பரிமாணத்துக்கு விரிப்பேன் என்று எழுதினார். அந்தக் கட்டுரை வரவே இல்லை. ஒரே வரிசை என்ற எளிமை போய்விட்டால் அந்த வடிவம் நிற்பதில்லை.

துல்லியமாக நிறுவ முடியாத, ஆனாலும் மிக நல்ல அன்சட்ஸ்களும் உண்டு. 1983-இல் ராபர்ட் லாஃப்லின், வலிய காந்தப்புலத்தில் தட்டையான தளத்தில் இயங்கும் எலக்ட்ரான்களுக்கு ஓர் அலைச்சார்பை எழுதிவைத்தார். சில எலக்ட்ரான்களுக்கு மட்டும் நேரடியாகத் தீர்த்து ஒப்பிட்டபோது இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றாகவே இருந்தன. 1998-இன் நோபல் பரிசில் அவருக்கும் பங்கு கிடைத்தது.

இப்போது இந்தச் சொல்லை அதிகம் புழங்குகிறவர்கள் குவாண்டம் கணினிக்காரர்கள். 2014-இல், ஹீலியமும் ஹைட்ரஜனும் சேர்ந்த ஓர் அயனியின் ஆற்றலை ஒளித்துகள்களில் இயங்கும் சிறிய குவாண்டம் கருவியில் கணக்கிட்டார்கள். முறை நாம் பார்த்த ஹீலியம் கணக்குதான்: வடிவத்தை வைத்துக்கொண்டு எண்களைத் தளர்த்தி, ஆற்றல் தாழும் இடத்தைத் தேடுவது. வித்தியாசம் என்னவென்றால், இங்கே அன்சட்ஸ் காகிதத்தில் எழுதிய சார்பாக இல்லை, அது ஒரு மின்சுற்று போன்ற செயல்வரிசை. தளர்த்தப்படும் எண்கள் அதிலுள்ள திருப்புகோணங்கள். அதனால் இந்தத் துறையில் ‘என் அன்சட்ஸ் ஆழம் அதிகம்’ என்று பேசிக்கொள்வார்கள், அதாவது சுற்றில் அடுக்குகள் அதிகம். சொல்லின் பொருள் கண்ணெதிரே நகர்ந்திருக்கிறது.

இந்த நகர்வில் ஓர் ஆபத்து இருப்பதாக நான் நினைக்கிறேன். ஹீலியத்தில் அந்த ஓர் எண்ணை ஏன் தளர்த்தினோம் என்பதற்கு இயற்பியல் காரணம் இருந்தது. கருவிக்கு எது வசதியோ அந்தச் சுற்றை எடுத்து ஆயிரம் கோணங்களைத் தளர்த்திவிட்டால் காரணம் என்று சொல்ல ஒன்றும் இருக்காது. 2018-இல் வந்த ஓர் ஆய்வு, கண்டபடி அமைத்த சுற்றுகளில் க்யூபிட்டுகள், அதாவது குவாண்டம் கணினியின் அடிப்படை அலகுகள், கூடக்கூட ஆற்றலின் சரிவு மிக வேகமாகச் சுழியத்தை நெருங்கும் என்று காட்டியது. எந்தப் பக்கம் போனால் இறங்கலாம் என்றே தெரியாத வெட்டவெளியாகிவிடும். தேடல் அங்கேயே நின்றுபோகும்.

கட்டுரை எழுதும் மாணவர்களிடம் நான் கேட்பது இதுதான்: அன்சட்ஸ் என்று எழுதினால், ஏன் அந்த வடிவம் என்று ஒரு வரி, எப்படிச் சரிபார்த்தீர்கள் என்று ஒரு வரி, இரண்டும் கூடவே வரட்டும். காரணம் உள்ளுணர்வாக இருந்தாலும் பரவாயில்லை, அதைச் சொல்லிவிடுங்கள். சரிபார்க்க வழியில்லாத ஒன்றை எடுத்துக்கொண்டிருந்தால் அனுமானம் என்று நேராகவே எழுதலாம், அதில் ஒரு குறைவும் இல்லை.

அப்புறம், அடிக்கடி கேட்கப்படும் ஒன்று. ஜெர்மனில் இதன் பன்மை அன்செட்ஸ. ஆங்கிலக் கட்டுரைகளில் அதையும் காணலாம், ஆங்கில முறைப்படி பன்மை விகுதி சேர்த்த அன்சட்ஸஸையும் காணலாம். இரண்டும் வழக்கில் உள்ளவைதான். ஒரு கட்டுரைக்குள் ஏதாவது ஒன்றை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

நன்றி, வணக்கம்.