பேசாத படமும் தெரிந்த கதையும்

நேயர்களுக்கு வணக்கம். மலேசியாவின் சுங்கை சிப்புட் வட்டாரத் தோட்டங்களில் திருவிழா இரவுகளில் கூத்துப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு, மௌனப்படக் காலத்தில் புராணக் கதைகள் ஏன் திரையை ஆண்டன என்பது எளிதில் விளங்கும். அருச்சுனன் தபசு எப்படி முடியும் என்பது லயத்துப் பிள்ளைகளுக்கும் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளில் வளர்ந்த பிள்ளைகளுக்கும்) தெரியும். இருந்தும், அதை எப்படி ஆடிக் காட்டுகிறார்கள் என்று பார்க்கவே விடிய விடியக் கண் விழித்தோம்.

1913ஆம் ஆண்டு மே 3ஆம் நாள் பம்பாயில் தாதாசாகேப் பால்கே எடுத்த 'ராஜா ஹரிச்சந்திரா' என்ற மௌனப்படம் திரையேறியது. ஏசுநாதரின் வரலாற்றைப் படமாகக் கண்டபோது, நம் கண்ணனையும் இராமனையும் இவ்வாறு திரையில் காண வேண்டும் என்ற வேட்கை அவருக்குப் பிறந்தது. பக்தி ஒரு காரணம்தான்; ஆனால் அது மட்டுமே காரணமன்று என்பது என் கருத்து. இடையிடையே காட்டிய எழுத்து அட்டைகளைப் படிக்கத் தெரியாதவர்கள் ஏராளமாக வந்து அமர்ந்த கொட்டகையில், முனிவர் கேட்டதும் அரசன் ஏன் நாட்டைக் கொடுத்தான் என்று எவரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. படம் பார்த்தவர்களே வசனத்தை மனத்துக்குள் பேசிக்கொண்டார்கள்.

அப்படத்தில் அரசனின் மனைவி தாராமதியாக நடித்தவர் உணவகத்தில் வேலை செய்த சாலுங்கே என்ற ஆண். 1917இல் 'லங்கா தகன்' படத்தில் இராமனும் அவரே, சீதையும் அவரே. ஆண்கள் பெண் வேடம் கட்டும் கூத்தைப் பார்த்துப் பழகிய கண்களுக்கு இது உறுத்தாது.

இவற்றுள் என் மனம் பெரிதும் ஒன்றியது 1919இல் வந்த 'காளிய மர்தன்'. கண்ணனாக நடித்தவர் பால்கேயின் மகள் மந்தாகினி. கதை தொடங்குமுன் அச்சிறுமி வேடமின்றி வந்து, பலவகை முகபாவங்களை மட்டும் காட்டுகிறாள். அதன் பிறகே கண்ணனாகிறாள். இவள் ஒரு வீட்டுப் பிள்ளை என்று முதலிலேயே ஒளிக்காமல் சொல்லிவிட்டு, அவளைப் பாம்பின் தலைமீது ஆட விடும் துணிச்சல், கதை தெரிந்த மக்களை முழுமையாக நம்பியவருக்கே வரும்.

சென்னையில், மோட்டார் உதிரிபாக வணிகரான ஆர். நடராஜ முதலியார், பூனாவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயரிடம் ஒளிப்பதிவு கற்று, புரசைவாக்கத்தில் 'கீசக வதம்' எடுத்தார். தென்னகத்தின் முதல் மௌனப்படமான அதன் ஒரு சுருள்கூட இன்று எஞ்சவில்லை. படம் போய்விட்டாலும், அதைப் பார்த்தவர்கள் எந்தக் கதையறிவோடு கொட்டகைக்குள் போனார்கள் என்பதை, கீசகன் கதை வரும் மகாபாரத விராட பருவத்தைப் பாடி ஆடிய நம் தோட்டத்து மூத்த கூத்துக் கலைஞர்களிடம் இன்னும் கேட்டறியலாம். அவர்கள் பாடுவதைப் பதிவு செய்யும் பணியை நம் ஊர் இளைஞர்கள் உடனே தொடங்க வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன். வணக்கம்.